மெட்டுக்கு உரியவர் யார்?

இயல், இசை, நாடகம் என்னும் மூன்று பிரிவும் உடைமையால் தமிழை முத்தமிழ் என்று போற்றுதல் நம்மனோர் வழக்கம். மேடைதோறும் இச்சொல் ஒலிக்கின்றது. ஆயினும், கல்லூரியில் தமிழைச் சிறப்புப் பாடமாகப் பயிலும் நாம், மூன்றனுள் இயலை மட்டுமே கற்று, ஏனை இரண்டையும் பெயரளவிற் சொல்லி அமைகின்றோம். இக்குறையை எமக்கு உணர்த்தியவர், எம் ஊராகிய கருங்குழியில், ஆலயத்தில் ஆர்மோனியம் வாசிக்கும் முதியவர் ஒருவர்.

மதுராந்தகத்துக்குச் சற்று வடக்கே, சென்னையிலிருந்து தெற்கே செல்லும் பெருஞ்சாலையை அடுத்துள்ளது எம் ஊர். சென்ற கோடை விடுமுறையில், அவ்வூர்ச் சிறுவர் சிலருக்குத் தமிழ்த்தாய் வாழ்த்தைப் பிழையறப் பாடக் கற்பிக்கும் பணி எம்மிடம் வந்தது. ழகர ளகர வேறுபாட்டைத் திருத்துவதிலேயே யாம் கருத்தாயிருந்தோம். பெரியவர் சுருதி பிடித்து உடன் வாசித்தார். பாட்டு முடிந்தபின் அவர், “தம்பி, இதை எழுதியவர் யார்?” என்று வினவினார். விடை எமக்கு எளிதாயிருந்தது. பேராசிரியர் சுந்தரம் பிள்ளை 1855ஆம் ஆண்டிற் பிறந்தமை, திருவனந்தபுரத்து மகாராசர் கல்லூரியில் தத்துவம் கற்பித்தமை, 1891ஆம் ஆண்டில் மனோன்மணீயம் என்னும் நாடக நூலை வெளியிட்டமை, அந்நூலின் தொடக்கத்துள்ள வணக்கத்தினின்றும் இவ்வாழ்த்து எடுக்கப்பட்டமை ஆகிய யாவற்றையும் ஒப்புவித்தோம். பொறுமையுடன் கேட்டிருந்த அவர், “நல்லது. மெட்டுப் போட்டவர் யார்?” என்றார். யாம் வாய் திறவாது நின்றோம். “விசுவநாதன், தம்பி” என்று சொல்லிவிட்டு, அவர் ஆர்மோனியத்தை மூடினார். அன்று எமக்கு உண்டான நாணமே இக்கட்டுரைக்குக் காரணம்.

திருவாளர் எம். எஸ். விசுவநாதன் 1928ஆம் ஆண்டு ஜூன் 24ஆம் நாள், பாலக்காட்டை அடுத்த எலப்புள்ளி என்னும் ஊரிற் பிறந்தார். அவர் தாய்மொழி மலையாளம். நான்கு வயதில் தந்தையை இழந்து, பாட்டனார் ஆதரவில் வறுமையோடு வளர்ந்தார். நீலகண்ட பாகவதர் என்பாரிடம் இசை பயின்றார். நடிகராகவேண்டும் என்னும் ஆசையோடு திரைப்பட உலகிற் புகுந்த அச்சிறுவருக்கு ஜூபிடர் நிறுவனத்திற் கிடைத்ததோ ஏவலாள் வேலை. இசைக் குழுவினருக்கு வேண்டுவன எடுத்துக் கொடுத்தும், அவர்கள் இல்லாத வேளையில் ஆர்மோனியத்தைத் தொட்டுப் பழகியும் அவர் தொழில் கற்றார்.

1948ஆம் ஆண்டில் வெளிவந்த அபிமன்யு என்னும் படத்துக்கு இசையமைத்தவர் திருவாளர் எஸ். எம். சுப்பையா நாயுடு. அப்படத்துப் பாட்டொன்றின் மெட்டு, தனியே இருந்து இவ்விளைஞர் வாசித்துப் பார்த்தது என்பதும், அது நாயுடு அவர்களின் பெயராலேயே உலகுக்குச் சென்றது என்பதும், பின்பு நாயுடு அவர்களே உண்மையை முதலாளியிடம் எடுத்துரைத்து இவருக்கு வழி திறந்தார் என்பதும், விசுவநாதனே பிற்காலத்தில் நன்றியோடு கூறிவந்த செய்திகள். அவர் நாயுடுவை இறுதிவரை ஆசிரியராகவே போற்றினார். எனினும், அவர் தொழில் வாழ்க்கை பெயரில்லாத மெட்டு ஒன்றால் தொடங்கிற்று என்பதை நாம் குறித்துக்கொள்ளல் வேண்டும்.

அடுத்து அவர் சி. ஆர். சுப்பராமனுடைய குழுவிற் சேர்ந்தார். திருச்சிராப்பள்ளியினரான பிடில் வித்துவான் டி. கே. இராமமூர்த்தியும் அக்குழுவில் இருந்தார். 1952ஆம் ஆண்டில், 28 வயதே நிரம்பிய சுப்பராமன் திடீரென மறைந்தார். அவர் கைவிட்டுச் சென்ற பணிகளை, 1953இல் வெளிவந்த தேவதாசு உள்ளிட்ட படங்களில், இவ்விருவரும் நிறைவு செய்து கொடுத்தனர். கடல் கடந்த ஜப்பானிலும் இத்தகையதொரு நிகழ்ச்சி உண்டு. அகிரா குரோசாவாவின் ராஷோமோன், ஏழு சாமுராய் முதலிய படங்களுக்கு இசையமைத்த புமியோ ஹயசாகா என்பவர் 1955ஆம் ஆண்டில், 41ஆம் வயதில், ஒரு படத்தின் இசை முடியுமுன்னரே காலமானார். அவர் மாணவர் மசாரு சாதோ அதனை முடித்து வைத்து, பின்னர்த் தாமும் பெரும்புகழ் எய்தினார். ஆசிரியர் விட்ட இடத்தினின்று மாணவர் தொடங்குதல் இக்கலைக்கு எந்நாட்டிலும் இயல்பு போலும்.

1952இல் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் இயக்கிய பணம் என்னும் படத்தால் விசுவநாதன், இராமமூர்த்தி என்னும் இரட்டைப் பெயர் நிலைபெற்றது. பாவ மன்னிப்பு, பாசமலர், பாலும் பழமும் ஆகிய மூன்றும் 1961 என்னும் ஓராண்டிலேயே வெளிவந்தவை என்றால், அவர்தம் உழைப்பு இத்தகையது என்று சொல்லவும் வேண்டுமோ? 1963இல் மெல்லிசை மன்னர்கள் என்னும் பட்டம் அவர்களுக்கு அளிக்கப்பட்டது. 1964இல் வந்த கர்ணனில் வடநாட்டு இராகங்களும், அதே ஆண்டில் வந்த காதலிக்க நேரமில்லையில் மேனாட்டு இசையும் அவர்கள் கையில் ஒருங்கே அடங்கி நின்றன. 1965இல் இருவரும் பிரிந்தனர். அதன்பின் விசுவநாதன் தனித்து நின்று, 1975இல் அபூர்வ ராகங்கள், 1979இல் நினைத்தாலே இனிக்கும் எனப் பல படங்களுக்கு இசை தந்தார். 2015ஆம் ஆண்டு ஜூலை 14ஆம் நாள் சென்னையில் இயற்கை எய்தினார்.

இனி, மெட்டமைத்தல் என்னும் தொழில் யாதென ஆராய்வோம். திரைப்பாட்டு இரு வழியிற் பிறக்கும். எழுதிய பாட்டுக்கு இசை கூட்டுதல் ஒன்று. அமைத்த மெட்டுக்குச் சொல் நிரப்புதல் மற்றொன்று. இரண்டாம் வழியில், குறில் நிற்கும் இடமும் நெடில் நீளும் இடமும் அடி முடியும் இடமும் இசையமைப்பாளராலேயே வகுக்கப்படுகின்றன. கவிஞர் அவ்வரம்புக்குள் நின்றே சொல் தேடுகின்றார். யாப்பிலக்கணம் பயிலும் மாணவர்க்கு இஃது எளிதில் விளங்கும்: செய்யுளுக்கு ஆசிரியப்பாவும் கலிப்பாவும் எவ்வாறோ, திரைப்பாட்டுக்கு மெட்டு அவ்வாறு. கவிஞர் கண்ணதாசனுடைய திரைப்பாட்டுக்களைப் பற்றி நாம் கட்டுரை எழுதுகின்றோம். அவற்றுட் பலவற்றுக்கு யாப்பு வகுத்தவர் பெயரை அக்கட்டுரையில் எழுத மறக்கின்றோம்.

தமிழ்த்தாய் வாழ்த்து முதல் வழியைச் சேர்ந்தது. ஏறக்குறைய எண்பது ஆண்டு ஏட்டில் இருந்து, கற்றோர் மட்டும் அறிந்திருந்த செய்யுள் அது. 1970இல் தமிழ்நாட்டு அரசு அதனை விழாக்களிற் பாடுமாறு ஏற்றபொழுது, விசுவநாதன் அதற்கு மெட்டமைத்தார். அவர் தேர்ந்தது மோகனம். ஐந்தே சுரம் உடைய அவ்விராகம் இசை பயிலாதார் நாவிலும் இடறாது நிற்பது. அதனை ஒத்த ஐந்து சுர வரிசை சீனத்தும் ஜப்பானிலும் நாட்டுப் பாடல்களிற் பயில்வது. சிறுவரும் முதியவரும் ஒருங்கு நின்று பாடுதற்கு இதனினும் ஏற்ற இராகம் எளிதிற் கிடைக்குமோ? 2021ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில் இதனை மாநிலப் பாடலாக அறிவித்த அரசாணை, மோகன இராகத்தில், மூன்றன் நடையில், 55 விநாடியிற் பாடுக என வரையறுத்தது. ஏட்டிலிருந்த செய்யுளை மக்கள் வாய்க்கு உரியதாக்கியது அம்மெட்டே என்பது எம் துணிபு.

இதற்கு மாறாகச் சிலர் கூறுவனவற்றையும் கருதுவோம். திரையிசை சந்தைப் பொருள். அது கல்லூரிக்கு ஏற்றதன்று என்பர். சந்தையில் விற்பதனாலேயே ஒரு பொருள் இழிந்ததாமெனின், புலவர் பரிசில் பெற்றுப் பாடிய பாட்டையும் நாம் தள்ளல் வேண்டும். அவர் தமிழரல்லர் என்று முணுமுணுப்பாரும் உளர். சுந்தரம் பிள்ளை பிறந்த ஊர் ஆலப்புழை; விசுவநாதன் பிறந்த ஊர் எலப்புள்ளி. இரண்டும் இன்று கேரளத்தில் உள்ளன. தமிழ்த்தாயை வாழ்த்தும் சொல்லும் இசையும் அத்திசையினின்றே வந்தன என்பது நாம் மகிழத்தக்க செய்தியன்றோ? திரையிசை பலர் கூடிச் செய்வது, அதற்கு ஒருவர் பெயரை எவ்வாறு சூட்டுவது என வினவுவாரும் உண்டு. இவ்வினா ஆழமுடையது. இராமமூர்த்தியின் வில்லும், பெயர் அறியப்படாத எத்துணையோ வாத்தியக்காரர் கையும் அப்பாட்டுக்களில் உண்டு. ஆயின், எல்லாருக்கும் நன்றி செலுத்த இயலாமை ஒருவருக்கும் செலுத்தாதிருத்தற்கு நியாயமாகாது.

முன்னோர் இவ்வகையில் நம்மினும் நேர்மையுடையராயிருந்தனர். டாக்டர் உ. வே. சாமிநாதையர் 1918இற் பதிப்பித்த பரிபாடலை எடுத்துப் பாருங்கள். பாட்டின் கீழே, பாடிய புலவர் பெயரும், இசை வகுத்தவர் பெயரும், பண்ணின் பெயரும் ஒருங்கு குறிக்கப்பட்டிருத்தலைக் காணலாம். கடுவன் இளவெயினனார் பாட்டுக்கு ஓரிடத்திற் பெட்டனாகனாரும், மற்றோரிடத்திற் கண்ணனாகனாரும் இசை வகுத்தனர். அவ்விசை இன்று நமக்குக் கிட்டவில்லை. ஆயினும் பெயர் அழியவில்லை. நம் ஆலயங்களிற் பாடும் கீர்த்தனைப் புத்தகத்திலும் ஒவ்வொரு கீர்த்தனையின் தலைப்பிலும் இராகமும் தாளமும் அச்சிடப்பட்டுள்ளன. நம் காலத்திலோ, இசை கேட்கின்றது. இசை தந்தவர் பெயர் மறைகின்றது.

சட்டமும் நெடுங்காலம் இவ்வாறே இருந்தது. ஊதியம் கொடுத்து இசையமைக்கச் செய்த திரைப்படத் தயாரிப்பாளரே, வேறு உடன்படிக்கை இல்லாவிடின், அவ்விசைக்கு உரியவர் என்று 1977இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2012இல் பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்ட பின்னரே, பாட்டெழுதியவரும் இசையமைத்தவரும் வருவாயிற் பங்கு பெறும் உரிமை உறுதிப்பட்டது. அதே ஆண்டில் தமிழக அரசு விசுவநாதனையும் இராமமூர்த்தியையும் திரையிசைச் சக்கரவர்த்தி என்னும் பட்டம் அளித்துச் சிறப்பித்தது. இந்திய அரசின் பத்ம விருதுகளுள் ஒன்றேனும் விசுவநாதனுக்கு வழங்கப்பட்டதில்லை. விருதுகள் நம் கையில் இல்லை. நன்றி நம் கையில் உள்ளது.

ஆகவே, நண்பர்காள், யாம் வேண்டுவன இரண்டே. நம் கல்லூரி விழாக்களின் நிகழ்ச்சி நிரலில், தமிழ்த்தாய் வாழ்த்து என்னும் ஒற்றை வரியோடு நில்லாது, பரிபாடல் முறைப்படி, பாட்டு, இசை, பண் மூன்றனையும் அச்சிடுவோம். அதற்கு இரண்டு வரிக்கு மேல் இடம் வேண்டியதில்லை. அன்றியும், நம் தமிழ்ச் சங்கத்தில் ஆண்டுக்கு ஒரு கூட்டத்தையேனும் மெட்டமைத்தோர் ஒருவரைப் பற்றிய ஆராய்ச்சிக்கு ஒதுக்குவோம். முத்தமிழ் என்னும் சொல்லை மேடையில் எடுத்தாளும் உரிமை அதன்பின் நமக்கு ஓரளவேனும் உண்டாகும்.

விடுமுறை முடிந்து கல்லூரிக்குத் திரும்பும் முன், யாம் மீண்டும் அச்சிறுவர்களோடு கூடியிருந்தோம். பெரியவர் தம் வினாவை அவர்களிடம் கேட்டார். பத்து வயதுச் சிறுவன் ஒருவன் எழுந்து, “பாட்டு சுந்தரம் பிள்ளை, மெட்டு விசுவநாதன், இராகம் மோகனம்” என்று மூச்சுவிடாது சொன்னான். பெரியவர் ஒன்றும் பேசாது, சுருதியைப் பிடித்தார். கருங்குழிச் சிறுவன் அறிந்ததைக் கல்லூரி மாணவராகிய நாம் அறியாதிருத்தல் தகுமோ?