தோற்றவன் வழக்கும் ஊரார் பணமும்

கேள்விப்பத்திரத்தில் தோற்றவர்கள் நீதிமன்றத்துக்கு ஓடுவதால்தான் நாட்டின் அபிவிருத்தி முடங்குகின்றது என்பது, கட்சி பேதமின்றி நம் அமைச்சர்கள் பாடும் பல்லவி. பத்திரிகைத் தொழிலில் மூன்று தசாப்தங்களைக் கழித்த நான், இந்தப் பல்லவியை எத்தனை தடவை செய்தியாக்கினேன் என்பதற்குக் கணக்கில்லை. அந்தப் பாவத்துக்குப் பரிகாரமாகவேனும் இன்று மறுத்து எழுத வேண்டியிருக்கின்றது.

2000களின் தொடக்கத்தில் ஒப்பந்தகாரர் ஒருவர் கடிதமொன்றுடன் என்னைத் தேடி வந்தார். அவரது விலைமனு ஏற்கப்படவில்லை என்ற ஒற்றை வரி மட்டுமே அதில் இருந்தது. காரணம் இல்லை. வேலை யாருக்கு, என்ன விலைக்குப் போனது என்பதும் இல்லை. அரச தரப்பு நீதிமன்றத்தில் ஆட்சேபனை தாக்கல் செய்தபோதுதான் காரணத்தை அவர் அறிந்தார். அதற்குள் கட்டடத்துக்கு அத்திவாரம் போட்டாயிற்று!

நமது அரசியலமைப்பின் 12(1)ஆம் உறுப்புரை சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்கின்றது. அது மீறப்பட்டால் 126ஆம் உறுப்புரையின் கீழ் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தை நாட வேண்டும். நீதிமன்றம் இரண்டு மாதங்களுக்குள் மனுவைத் தீர்க்க வேண்டும். முதலாவது காலக்கெடு மனுதாரரின் கழுத்தில் கத்தியாய் நிற்கின்றது. இரண்டாவதோ ஏட்டுச் சுரைக்காய்.

தாமதம் நியாயத்தை எவ்வாறு விழுங்கும் என்பதற்கு, 1979இல் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்த்த ரமண தயாராம் ஷெட்டி வழக்கு சான்று. பம்பாய் விமான நிலைய உணவகத்துக்கு, ஐந்தாண்டு அனுபவமுள்ள, பதிவுபெற்ற ஹோட்டல்காரர்களிடமே விலைமனு கோரினார்கள். தெரிவானவரிடம் அந்தத் தகைமை இருக்கவில்லை. தான் விதித்த நிபந்தனைக்கு அரச நிறுவனம் தானே கட்டுப்பட்டது என நீதியரசர் பகவதி தீர்ப்பளித்தார். ஆயினும் மனுதாரருக்குப் பரிகாரம் கிட்டவில்லை. அவரது நோக்கம் ஐயத்துக்குரியது. ஐந்து மாதங்களுக்கு மேல் தாமதித்து வந்தார். அதற்குள் மற்றவர் பணத்தைக் கொட்டிவிட்டார். கோட்பாடு வென்றது, வழக்கு தோற்றது.

போட்டியில் தோற்றவர்கள் எல்லோரும் அரிச்சந்திரர்கள் அல்லர். தடையுத்தரவைக் காட்டிப் பேரம் பேசுவோரையும் நான் அறிவேன். ஆனால் நுரைச்சோலை அனல்மின் நிலைய நிலக்கரிக் கொள்வனவை எண்ணிப் பாருங்கள். போட்டியாளர் ஒருவர் நீதிமன்றம் சென்றதனால்தான் 2016இல் உயர் நீதிமன்றம் அந்த நடைமுறையைக் கடுமையாகக் கண்டிக்கும் நிலை ஏற்பட்டது. அவரும் தம் இலாபத்துக்காகவே வந்தார். இருந்தாலும் என்ன? அவர் கதவைத் தட்டியதால் அரச கோவைகள் திறந்தன. அவற்றுக்குள் கிடந்தது மின்கட்டணம் செலுத்தும் நமது பணம்.

கதவைச் சாத்துவது மருந்தல்ல. 2015இல் 19ஆவது திருத்தம் தந்த தேசிய பெறுகை ஆணைக்குழுவை 2020இல் 20ஆவது திருத்தம் ஒழித்தது. 2022இல் 21ஆவது திருத்தம் மீட்டது. காவலாளியையே வைப்பதும் விலக்குவதுமாக இருந்தால், தோற்றவர் நீதிமன்றம் போகாமல் வேறெங்கே போவார்?

நான் கேட்பது அதிகமில்லை. நிராகரிப்புக்கான காரணத்தை எழுத்தில் கொடுங்கள். வழக்காடச் சில வாரங்கள் விட்டு, அதன் பின்னர் ஒப்பந்தத்தில் ஒப்பமிடுங்கள். வீண் வழக்காடுவோரிடம் செலவுத் தொகையை அறவிடுங்கள். இவை சட்டத்தின் வலுவோடு இருக்கட்டும். மடியில் கனமில்லாத அமைச்சருக்கு இதில் என்ன பயம்?