ஒன்று தேய்ந்தது, மற்றது தேயவில்லை





இம்மாதம் காரின் பின்சில்லு பிரேக்கைப் பற்றி எழுதப் போகிறேன். இது ஆண்களின் விவகாரம் என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். பிள்ளைகளைப் பாடசாலைக்கும் வகுப்புக்கும் தாமே ஏற்றிச் செல்லும் சகோதரிகள் இன்று ஏராளம். ஓட்டத் தெரியாதவர்களும் அதே வண்டியில்தான் பிள்ளைகளோடு அமர்கிறார்கள். அதைவிட முக்கியமான இன்னொரு காரணமும் இருக்கிறது. எங்கள் வீட்டுக் காரின் கோளாற்றை இறுதியில் கண்டுபிடித்தவர் நானல்ல, என் மனைவி.

இரண்டு வருடங்களுக்கு முன் ஒரு ஞாயிறு மாலை, கண்டியில் மாமியைப் பார்த்துவிட்டு மாவனல்லைக்குத் திரும்பிக்கொண்டிருந்தோம். கடுகண்ணாவை இறக்கத்தில் இரண்டு வளைவுகள் கடந்திருப்போம். பின்னாலிருந்த மகள், "வாப்பா, ஏதோ எரியிற மாதிரி மணக்குது" என்றாள். முன்னால் போகும் லொறியின் மணமாக இருக்கும் என்று சொல்லிவிட்டு ஓட்டினேன். சற்று நேரத்தில் மனைவியும் அதையே சொன்னார். ஓரமாக நிறுத்தி இறங்கி, சில்லுகளைத் தொடாமல் கையை மட்டும் அருகில் கொண்டுபோய்ப் பார்த்தேன். மூன்று சில்லுகள் இளஞ்சூடாக இருந்தன. இடப்பக்கப் பின்சில்லோ அடுப்பு மாதிரி அனல் வீசியது.

அருகிலிருந்த கடையிலிருந்து ஒருவர் உதவி செய்யும் எண்ணத்தில் தண்ணீர்ப் போத்தலோடு ஓடி வந்தார். வேண்டாம் என்று தடுத்தேன். கொதிக்கும் இரும்புத் தட்டில் பச்சைத் தண்ணீர் பட்டால் அது கோணலாகிவிடலாம், வெடிக்கவும் கூடும். ஒரு மணித்தியாலம் ஆறவிட்டு, கீழ்க் கியரில் மெதுவாக வீடு வந்து சேர்ந்தோம்.

என் முதல் தவறு

மறுநாளே புதிய பிரேக் பேட்கள் வாங்கி வந்தேன். கராஜுக்குப் போனால் ஒரு நாள் போய்விடும், கையில் நாலு ஸ்பெனர் இருக்கிறதே என்ற எண்ணம். சில்லைக் கழற்றி, தேய்ந்த பேட்களை எடுத்தேன். புதிய பேட் தடிப்பானது. அதற்கு இடம் கிடைக்க, வெளியே வந்திருக்கும் பிஸ்டனை உள்ளே தள்ள வேண்டும். கிளாம்ப் போட்டு இறுக்கினேன். அசையவில்லை. இன்னும் பலமாக இறுக்கினேன். அப்போதும் அசையவில்லை.

நல்லவேளையாக, பக்கத்து வீட்டில் இருக்கும் வயதான பாஸ் எட்டிப் பார்த்தார். வாழ்நாளெல்லாம் வாகனங்களோடு கழித்தவர். "மௌலவி, அதைத் தள்ளக் கூடாது, திருக வேணும். இன்னும் கொஞ்சம் இறுக்கியிருந்தா உள்ளுக்கு உடைஞ்சிருக்கும்" என்றார்.

முன்சில்லின் பிஸ்டன் தள்ளினால் உள்ளே போகும். பின்சில்லில் பல கார்களுக்கு ஹேண்ட் பிரேக்கின் பொறியும் அதே கெலிப்பருக்குள்தான் இருக்கிறது. பேட் தேயத் தேய, உள்ளே உள்ள ஒரு திருகாணி பிஸ்டனைச் சிறிது சிறிதாக முன்னே கொண்டுவரும். ஆகவே அதைத் திருகித்தான் திருப்பி அனுப்ப வேண்டும். பிஸ்டனின் முகத்தில் உள்ள பள்ளங்களில் பொருந்தும் சிறு கருவி உதிரிப்பாகக் கடைகளில் கிடைக்கும். பெரும்பாலும் வலஞ்சுழியாகத் திருக வேண்டும். சில வண்டிகளில் ஒரு பக்கத்துக்கு மட்டும் இடஞ்சுழி. வண்டியின் கைந்நூலைப் பார்த்துக்கொள்வது நல்லது. உட்புறப் பேட்டின் முதுகில் ஒரு சிறு முளை இருந்தால், பிஸ்டனின் பள்ளம் அதற்கு நேராக வந்து நிற்க வேண்டும். இல்லாவிட்டால் பேட் சரிந்து அமரும்.

பாஸ் சொன்னபடி திருகினேன். உள்ளே போனது. புதிய பேட்களைப் போட்டு, வேலை முடிந்தது என்று கையைக் கழுவினேன்.

மனைவியின் கேள்வி

மூன்று கிழமைகள் சென்றன. அதே சில்லு, அதே மணம். கடைக்காரன் போலிப் பேட் தந்துவிட்டான் என்று நான் முணுமுணுத்துக்கொண்டிருந்தேன். படிக்கட்டின் கீழ் நான் போட்டுவைத்திருந்த பழைய பேட்கள் இரண்டையும் மனைவி கையில் எடுத்து வந்தார்.

"இஞ்ச பாருங்க. ஒண்டு இரும்பு தெரியத் தேஞ்சிருக்கு. மத்தது பாதிகூடத் தேயல்ல. ரெண்டும் ஒரே சில்லுலதானே இருந்திச்சி?"

நான் பதில் சொல்லவில்லை.

"ஒரே கல்லுல போட்ட ரெண்டு ரொட்டில ஒண்டு கருகி, மத்தது வேகாம இருந்தா, நான் மாவைக் கொற சொல்ல மாட்டேன். அடுப்பைத்தான் பார்ப்பேன்."

சகோதரிகளே, அந்த ஒரு கேள்வியில் நோயின் பெயரே இருந்தது. நான் தேய்ந்த பொருளை மாற்றினேனே தவிர, அது ஏன் அப்படித் தேய்ந்தது என்று கேட்கவில்லை.

கெலிப்பர் எப்படி வேலை செய்கிறது?

சில்லோடு சேர்ந்து சுழலும் இரும்புத் தட்டுக்கு டிஸ்க் என்று பெயர். அதை இருபுறமும் பிடிக்கும் இடுக்கிதான் கெலிப்பர். நம் நாட்டில் ஓடும் பெரும்பாலான கார்களில் பிஸ்டன் உட்புறத்தில் மட்டுமே இருக்கும். நாம் பெடலை மிதித்ததும் பிரேக் ஒயில் பிஸ்டனைத் தள்ளுகிறது; உட்புறப் பேட் டிஸ்கில் போய் அழுத்துகிறது. அதே வேகத்தில் கெலிப்பர் முழுவதும் எதிர்ப்பக்கம் நகர்ந்து, வெளிப்புறப் பேட்டையும் இழுத்து வந்து அழுத்துகிறது. இந்த நகர்வுக்கு உதவுபவை வழுக்கு ஊசிகள் எனப்படும் இரண்டு உருளைக் கம்பிகள். கிரீஸ் பூசப்பட்டு, ரப்பர் உறைக்குள் அவை சறுக்கிக்கொண்டிருக்க வேண்டும்.

அந்த ரப்பர் உறை கிழிந்தால் மழைநீரும் சேறும் உள்ளே போகும். ஊசி துருப்பிடித்து இறுகிவிடும். பிறகு கெலிப்பர் நகராது. உட்புறப் பேட் மட்டும் தேயும். வெளிப்புறப் பேட் சும்மா இருக்கும். மிதியை விட்ட பின்னும் பேட் டிஸ்கை உரசிக்கொண்டேயிருக்கும். எங்கள் காரில் நடந்தது இதுதான்.

இன்னொரு காரணமும் இருக்கலாம். பிஸ்டனைச் சுற்றிச் சதுர வெட்டுள்ள ஒரு ரப்பர் வளையம் உண்டு. ஒயில் கசியாமல் காப்பது அதன் ஒரு வேலை. மறு வேலை நுட்பமானது. பிஸ்டன் முன்னே போகும்போது அந்த வளையம் சற்று வளைகிறது. மிதியை விட்டதும் பழைய நிலைக்குத் திரும்பி, பிஸ்டனையும் ஒரு மயிரிழை பின்னுக்கு இழுக்கிறது. பேட் டிஸ்கை விட்டு விலகுவதற்கு அந்த மயிரிழைதான் காரணம். ரப்பர் காய்ந்து இறுகினாலோ பிஸ்டனில் துரு ஏறினாலோ அது நடக்காது.

வீட்டில் செய்யக்கூடியது

வழுக்கு ஊசிகளைச் சுத்தம் செய்து கிரீஸ் பூசுவதும் பேட் மாற்றுவதும் பொறுமையுள்ள ஒருவர் வீட்டிலேயே செய்யக்கூடிய வேலைகள். ஆனால் முறை தவறக் கூடாது.

சமதரையில் வண்டியை நிறுத்தி, முன்சில்லுகளுக்கு முன்னும் பின்னும் கட்டை வையுங்கள். கியரில் போடுங்கள். பின் கெலிப்பர் வேலையாதலால் ஹேண்ட் பிரேக் விடுபட்டிருக்க வேண்டும். சில்லு தரையில் இருக்கும்போதே நட்களைச் சற்றுத் தளர்த்திவிட்டு, அதன் பிறகு ஜெக் அடியுங்கள். ஜெக்கை மட்டும் நம்பி வேலை செய்வது உயிரோடு விளையாடுவதாகும். கீழே கட்டாயம் ஸ்டாண்ட் கொடுக்க வேண்டும். வேலை முடியும்வரை பிள்ளைகள் அந்தப் பக்கம் வரக் கூடாது.

கழற்றிய கெலிப்பரை அதன் ரப்பர்க் குழாயில் தொங்கவிடாதீர்கள். ஒரு கம்பியால் கட்டி நிறுத்துங்கள். உள்ளே படிந்திருக்கும் கறுப்புத் தூளை வாயால் ஊதவோ உலர்ந்த துணியால் தட்டவோ வேண்டாம். பழைய பேட்களில் அஸ்பெஸ்டஸ் கலந்திருக்கக்கூடும். பிரேக் கிளீனர் தெளித்தோ ஈரத் துணியாலோ துடையுங்கள். அந்த உடுப்பைப் பிள்ளைகளின் உடுப்போடு சேர்த்துக் கழுவ வேண்டாம்.

ஊசிகள் இரண்டும் ஒரே மாதிரித் தோன்றினாலும் வேறுபடலாம். எந்தத் துளையிலிருந்து எடுத்தீர்களோ அதிலேயே திருப்பி வையுங்கள். துருவை மெல்லிய எமரித் தாளால் தேய்த்துத் துடைத்து, பிரேக்குக்கென்று விற்கப்படும் சிலிக்கோன் கிரீஸைப் பூசுங்கள். சாதாரண கிரீஸ் பட்டால் இந்த ரப்பர் ஊதிப் பெருத்து, ஊசி மீண்டும் இறுகிவிடும். ஆழமாகத் துரு அரித்த ஊசியையும் கிழிந்த உறையையும் மாற்றுவதே சரி. அவற்றின் விலை அதிகமில்லை. பாஸ் எங்களுக்கு பஞ்சிகாவத்தையிலிருந்து ஒரு சோடி வரவழைத்துத் தந்தார். பேட்களை ஒரு பக்கத்துக்கு மட்டும் மாற்றாமல் இரு பின்சில்லுகளுக்கும் சேர்த்தே மாற்ற வேண்டும்.

எல்லாவற்றையும் பூட்டியதும் பலர் மறக்கும் ஒன்று உண்டு. வண்டியை நகர்த்துவதற்கு முன், பெடல் இறுகி நிற்கும்வரை பலமுறை மிதிக்க வேண்டும். உள்ளே தள்ளப்பட்ட பிஸ்டன் பேட்டைத் தொடும்வரை முதல் மிதி அடிவரை போய்விடும். இதை மறந்து வண்டியை எடுத்தவர்கள் மதிலில் மோதித்தான் நினைவுகூர்ந்திருக்கிறார்கள்.

ஒயில் விடயம்

பிரேக் ஒயில் காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சும் தன்மையுடையது. டொட் 4 என்ற வகை புதிதாக இருக்கும்போது குறைந்தது 230 பாகை செல்சியஸ் வரை கொதிக்காது. தண்ணீர் ஏறிய பின் அந்த எல்லை 155 பாகை வரை இறங்கிவிடலாம். டொட் 3 வகைக்கு இவை 205, 140. நீண்ட இறக்கத்தில் சூடேறி ஒயில் கொதித்தால் குழாயில் ஆவி நிரம்பும். அதன் பிறகு எவ்வளவு மிதித்தாலும் பெடல் பஞ்சுபோல் அமுங்குமே தவிர வண்டி நிற்காது. கடுகண்ணாவை இறக்கத்தில் இன்னும் சில வளைவுகள் போயிருந்தால் என்னவாகியிருக்கும் என்று எண்ணும்போது இன்றும் என் நெஞ்சு படபடக்கிறது. பெரும்பாலான வண்டிகளுக்கு இரண்டு வருடத்துக்கு ஒருமுறை ஒயிலை மாற்றச் சொல்வது இதனால்தான்.

எங்கள் ஒயில் தேயிலைச் சாயம்போல் கறுத்திருந்தது. பாஸின் மேற்பார்வையில் அதையும் மாற்றினோம். அதற்கு இரண்டு பேர் வேண்டும். மனைவி ஆசனத்தில் அமர்ந்து பெடலை மிதித்துப் பிடிப்பார். நான் நிப்பிளைத் திறப்பேன். மூடிவிட்டேன் என்று நான் சொன்ன பிறகே அவர் காலை எடுப்பார். இடையில் எடுத்தால் காற்று உள்ளே போய்விடும். முன்னாலிருக்கும் போத்தலில் ஒயில் வற்றவும் விடக் கூடாது. ஒரு தடவைகூட அவர் கால் தவறவில்லை. ஒயில் சிந்தினால் பெயின்ற் உரியும். உடனே தண்ணீரால் கழுவிவிட வேண்டும்.

எங்கே நிறுத்திக்கொள்வது?

பிஸ்டனை வெளியே எடுத்து ரப்பர் வளையம் மாற்றுவது, ஹேண்ட் பிரேக் பொறியைப் பிரிப்பது ஆகியவற்றை வீட்டில் செய்யாதீர்கள். காற்றழுத்தம் கொடுத்துப் பிஸ்டனை எடுக்கும்போது விரல் நசுங்கிய கதைகளை பாஸ் நிறையச் சொன்னார். ஹைபிரிட் கார்களில் சாவி போடாமல் கதவைத் திறந்தாலே பிரேக் பம்ப் தானாக இயங்கிவிடலாம். பட்டனை அழுத்தும் ஹேண்ட் பிரேக் உள்ள கார்களில், முதலில் கணினிமூலம் அதைப் பழுதுபார்க்கும் நிலைக்குக் கொண்டுவர வேண்டும். இவையெல்லாம் தேர்ந்தவர்களின் வேலைகள். சின்னக் கார்கள் பலவற்றில் பின்னால் டிஸ்க் இன்றி டிரம் பிரேக்தான் இருக்கும். அதன் அமைப்பே வேறு.

வீட்டில் செய்த வேலையானாலும், முதல் ஓட்டத்துக்குப் பிள்ளைகளை ஏற்றாதீர்கள். ஆளில்லாத சமதரைப் பாதையில் மெதுவாக ஓட்டி, பலமுறை நிறுத்திப் பாருங்கள். திரும்பி வந்து இரு பின்சில்லுகளின் சூட்டையும் ஒப்பிட்டுப் பாருங்கள். சில்லு நட்களை மறுபடி இறுக்கிப் பாருங்கள். நான் அன்று தனியாகப் போய் வந்தேன். மனைவி வாசலில் நின்று, நான் இறங்குமுன்பே பின்சில்லருகே கையைக் கொண்டுபோய்ப் பார்த்தார். "ரெண்டும் ஒரே மாதிரி" என்றார். அல்ஹம்துலில்லாஹ், அதற்குப் பிறகு அந்த மணம் வரவில்லை.

எரியும் மணம், ஒரு பக்கமாக இழுப்பது, பெடல் ஆழமாகப் போவது, ஒரு சில்லு மட்டும் சுடுவது: இவற்றில் சிலவற்றை முதலில் உணர்பவர் ஓட்டுபவராக அல்லாமல் பக்கத்தில் இருப்பவராகவும் இருக்கலாம். உணர்ந்தால் சொல்லத் தயங்காதீர்கள். சகோதரர்களே, சொன்னால் நிறுத்தத் தயங்காதீர்கள். நான் மகளின் பேச்சைக் கேட்டு அப்போதே நிறுத்தியிருக்க வேண்டும்.

அடுத்த தடவை உங்கள் வண்டிக்கு கராஜில் பேட் மாற்றினால், பழையவற்றைக் கேட்டு வாங்கிவாருங்கள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒன்று தேய்ந்து மற்றது தேயாமல் இருந்தால், வண்டியைத் திருப்பிக் கொண்டுபோய் ஏன் என்று கேளுங்கள்.