விதைநெல்லை உண்ட தீவு

மண்ணுள் கிடக்கும் கனிமம் ஒரு நாட்டின் வருவாய் அன்று. கைமுதல் என்பதே நம் கருத்து. பசிபிக் பெருங்கடலில் 21 சதுர கிலோமீட்டர் பரப்பே உடைய நவூரு தீவு இதற்குத் தக்க சான்றாகும்.

உரத்திற்கு மூலப்பொருளாகிய பாஸ்பேட் அத்தீவில் நிறைந்திருந்தது. 1907இல் அதனை ஏற்றிய முதற்கப்பல் புறப்பட்டது. 1919இல் பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகியவை கூட்டு ஆணையம் அமைத்து அகழ்தொழிலைத் தம் வயப்படுத்தின. அயல்நாட்டு வயல்கள் மலிவான உரத்தால் செழித்தன. மண்ணுக்கு உரியவர் பெற்றதோ சிறு பங்கே. 1968இல் விடுதலையும், 1970இல் தொழிலுரிமையும் வந்தன. 1989இல் ஆஸ்திரேலியாவை எதிர்த்து அனைத்துலக நீதிமன்றம் சென்ற அச்சிறுநாடு, 1993இல் உடன்பாட்டின் வழி இழப்பீடும் பெற்றது. அத்துணிவைப் போற்றுகின்றோம்.

ஆயினும், கைக்கு வந்த செல்வத்தை அந்நாடு காத்ததா? மெல்போர்ன் நகரில் 52 அடுக்கு மாளிகை எழுப்பியது. வானூர்தி நிறுவனம் நடத்தியது. கடன் சூழவே, 2004இல் அம்மாளிகையும் விலைபோயிற்று. இன்று தீவின் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு, உழவுக்கும் குடியிருப்புக்கும் உதவாத கூரிய சுண்ணாம்புப் பாறைகளாய் நிற்கின்றது.

அயலார் வாரிச் சென்றது பாதி. எஞ்சிய விதைநெல்லை உரியவரே உண்டது மறுபாதி. ஆகவே, சுரங்கம் திறக்கும் நாளிலேயே, அது மூடப்பட்டபின் நிலத்திலும் கருவூலத்திலும் எஞ்சப்போவது யாது என வினவுதல் வேண்டும். கனிமவளம் உடைய எந்நாட்டு இளைஞரும் தம் ஆட்சியாளரிடம் கேட்கவேண்டிய முதல் வினா இதுவே எனத் துணிகின்றோம்.