நண்டுக்கொடுக்கு பிடியில் துத்தநாகம்!

‘‘களர் நிலத்தில் நெல் நட்டு 20 நாள்கள் ஆகின்றன. இலைகளில் துருப்பிடித்ததுபோலப் புள்ளிகள். கடையில் ‘செலேட்டட் ஜிங்க்’ வாங்கச் சொல்கிறார்கள். விலை அதிகம். ‘செலேட்’ என்றால் என்ன? அது அவசியமா?’’

- வாசகர், மணிகண்டம்.

‘‘நீங்கள் சொல்வது துத்தநாகப் பற்றாக்குறை அறிகுறி. ‘செலேட்’ என்பது, நண்டின் கொடுக்கைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லில் இருந்து வந்தது. இ.டி.டி.ஏ என்ற வேதிப்பொருள், துத்தநாகத்தைக் கொடுக்குபோலக் கவ்விக்கொள்ளும். களர் மண்ணில் சாதாரண துத்தநாகம் கரையாத நிலைக்கு மாறிவிடும். செலேட்டில் உள்ளது எளிதில் மாறாது. விலை கூடுதலாக இருப்பது இதற்குத்தான்.

ஆனால், இலைவழியாகத் தெளிக்கும்போது மண்ணின் தடை இல்லை. எனவே, சாதாரண ஜிங்க் சல்பேட்டே போதும். 10 லிட்டர் தண்ணீருக்கு ஜிங்க் சல்பேட் 50 கிராம், யூரியா 100 கிராம் கலந்து மாலையில் தெளியுங்கள். 15 நாள்கள் கழித்து மீண்டும் தெளிக்கலாம்.

செலேட் வாங்கினால் பாக்கெட்டில் ‘இ.டி.டி.ஏ, துத்தநாகம் 12%’ என்று இருக்கிறதா எனப் பார்த்து, ரசீது வாங்குங்கள். அடுத்த போகத்துக்கு மண் பரிசோதனை செய்து, ஜிங்க் சல்பேட்டை மணலில் கலந்து அடியுரமாகப் போடுங்கள். டி.ஏ.பி-யுடன் மட்டும் கலக்காதீர்கள்; சத்து முடங்கிவிடும்.’’