வரிசை வகுப்பவர் யார்?

செருமனியில் ஒருவர் கூரைத்தட்டைக் கிழக்கு 19.2 பாகையில் நிற்கும் அசுட்ரா செயற்கைக்கோளை நோக்கித் திருப்புகிறார். அலைவாங்கிப் பெட்டி நூற்றுக்கணக்கான அலைவரிசைகளைக் கொண்டுவந்து கொட்டுகிறது. அவர் வேண்டும் செய்தியோ எங்கோ அடியில்! தொலையியக்கியால் ஒவ்வொன்றாக நகர்த்துவது பொறுமையைத் தின்னும் வேலை.

'எனிக்மா 2' இயங்கும் பெட்டிகள் இதில் நேர்மையானவை. கண்டெடுத்த அலைவரிசைகள் 'லேம்டிபி' என்னும் கோப்பில் இருக்கும். விருப்ப வரிசைகள் தனிக் கோப்புகளில் இருக்கும். அவற்றைக் கணினிக்கு எடுத்து, 'திரீம்பாக்சு எடிட்டு' மென்பொருளால் அடுக்கி, மீண்டும் பெட்டிக்கே அனுப்பலாம்.

பட்டியலைப் பூட்டிவைத்துத் தன் வரிசையையே திணிக்கும் பெட்டிகளும் உள. விலை கொடுத்தவன் வீட்டில் விற்றவன் ஆள்வதா? பெட்டி வாங்குமுன், பட்டியலை வெளியே எடுக்க இயலுமா என்று வினவுக. திருத்துமுன் பழைய கோப்புகளைப் படியெடுத்து வைக்கவும் மறவற்க.