பாரிசுக்குப் போனவரும் மண்டபத்துக்கு வந்தவரும்

யாழ்ப்பாணத்தை அடுத்த வேலணைத் தீவிலே அல்லைப்பிட்டி என்றொரு சிற்றூர். 1967இல் அங்கே பிறந்த அந்தோணிதாசன் யேசுதாசனை ஷோபாசக்தி என்ற பெயரால் தமிழ் படிப்போர் அறிவர். மீசை அரும்பும் முன்னே புலிகள் படையிலே சேர்ந்தார்; சில ஆண்டுகளில் விலகினார்; நாட்டை விட்டு ஓடினார்; தாய்லாந்திலே அல்லலுற்று, 1993இல் பிரான்சு சேர்ந்து அடைக்கலம் பெற்றார்.

பாரிசிலே பட்டுக் கம்பளம் விரித்தார்களோ? இல்லை, தோழர்களே! உணவு விடுதியிலே தட்டு கழுவினார். கடையிலே சாமான் அடுக்கினார். தெருக் கூட்டினார். கூலி வேலைக்கு நடுவே எழுதினார். 2001இல் 'கொரில்லா' நாவல் வந்தது. பிறகு லீனா மணிமேகலையின் 'செங்கடல்' படத்தின் எழுத்திலே பங்கு கொண்டு, அதில் நடிக்கவும் செய்தார். தனுஷ்கோடி மீனவரின் துயரையும் அகதிகளின் கதியையும் காட்டிய படம், பணமூட்டைக்காரர் படமல்ல. விடுவார்களா தணிக்கைக்காரர்கள்? 2011இல் சான்றிதழ் மறுத்தனர். மேல்முறையீட்டு மன்றம் ஏறித்தான் படத்தை மீட்க வேண்டியிருந்தது.

2015 மே மாதம் கான் திரைப்பட விழாவிலே தங்கப் பனை விருது பெற்றது 'தீபன்'. இயக்கியவர் ஜாக் ஒதியார் என்ற பிரெஞ்சுக்காரர். செத்தவன் பெயரிலுள்ள கடவுச்சீட்டோடு பிரான்சு சேரும் முன்னாள் போராளியின் கதை. நாயகன் நம் ஷோபாசக்தி; நாயகி சென்னை நாடக மேடை தந்த காளீசுவரி சீனிவாசன். பேசிய மொழி பெரும்பாலும் தமிழ்! பின்னர், கனடாவிலே லெனின் எம். சிவம் எடுத்த 'ரூபா'விலும் நடித்தார். அவருடைய அரசியல் கருத்தெல்லாம் நமக்கு உடன்பாடன்று. ஈழத் தமிழரிலேயே அவரை ஏசுவோர் உண்டு. அது வேறு வழக்கு.

நாம் கேட்பது இதுதான். அதே கடலைத் தாண்டி, 1983 முதல் மண்டபம் வந்திறங்கியவர்களிலே ஒரு நடிகன், ஓர் எழுத்தாளன் இல்லாமலா போனான்? பாரிசுக்குப் போனவருக்குத் தட்டு கழுவும் வேலைதான் கிடைத்தது. ஆனால் அகதி என்ற உரிமை சட்டப்படி இருந்தது. இந்தியப் பேரரசோ 1951ஆம் ஆண்டின் அகதிகள் ஒப்பந்தத்திலே கையெழுத்தே போடவில்லை. ஆகவே முகாமிலே இருப்பவனுக்கு உரிமை இல்லை. தயவு மட்டுமே உண்டு. கணக்கெடுப்பு நாளிலே முகாமில் நின்றாக வேண்டும். அவனுக்கேது கடவுச்சீட்டு? கான் நகரம் கூப்பிட்டாலும் எப்படிப் போவான்?

2019இல் குடியுரிமைச் சட்டத்தைத் திருத்தினார்கள் தில்லி ஆளவந்தார்கள். பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் மூன்றையும் எழுதிய பேனாவுக்கு, இராமேசுவரத்துக்கு எதிர்க்கரையிலுள்ள இலங்கை மட்டும் தெரியவில்லை! இந்துக்களுக்காக உருகுகிறோம் என்றார்களே, முகாமிலே முருகனைக் கும்பிடுகிறவன் எந்த மதமாம்?

கழக அரசு 2021 ஆகஸ்டிலே 'மறுவாழ்வு முகாம்' எனப் பெயர் மாற்றியது. இடிந்த குடியிருப்புகளுக்குப் பதிலாக 7,469 வீடுகள் கட்ட முன்வந்தது. கூரை போட மாநிலத்தால் முடியும். குடியுரிமைத் தாளோ தில்லியின் பெட்டகத்திலே இருக்கிறது. முகாமிலேயே பிறந்து, நம் பள்ளியிலே படித்து, நம் பிள்ளைகளோடு மேடையேறி நடித்த பிள்ளைக்கு அதை எப்போது தரப்போகிறார்கள்?