ஜலந்தரிலிருந்து வந்த விமரிசனம்

1987-ஆம் ஆண்டு ஜனவரி 25-ந் தேதி, ஞாயிற்றுக்கிழமை காலையில், ராமானந்த் சாகரின் ‘ராமாயண்’ தொடர் தூர்தர்ஷனில் ஆரம்பமாயிற்று. சில வாரங்களுக்குள், அது ஒளிபரப்பாகும் நேரத்தில் வட இந்திய நகரங்களின் கடைத்தெருக்கள் வெறிச்சோடின. பல வீடுகளில் ஸ்நானம் செய்துவிட்டு, டெலிவிஷன் பெட்டிக்கு மாலை சாத்தி, ஊதுவத்தி ஏற்றிவைத்து உட்கார்ந்தார்கள்.

ஆங்கிலப் பத்திரிகை விமரிசகர்கள் முகம் சுளித்தார்கள். கதை நத்தை போல் நகர்கிறது, ஜிகினாக் கிரீடங்கள் நாடகக் கொட்டகையை நினைவூட்டுகின்றன என்றார்கள். சர்க்கார் ஸ்தாபனம் ஒரு மதத்தின் காவியத்தை வாராவாரம் ஒளிபரப்பலாமா என்றும் சிலர் கேட்டார்கள். அந்தக் கேள்வி அலட்சியப்படுத்தத் தக்கதன்று.

எனினும், விமரிசகர் நாடகத்தைப் பார்த்தார். நேயரோ தரிசனத்துக்கு வந்திருந்தார். ராமன் முகத்திலே காமிரா நெடுநேரம் நிற்பது முன்னவருக்குத் தொய்வாகவும், பின்னவருக்குப் பாக்கியமாகவும் பட்டது. இருவரும் ஒருவரையொருவர் புரிந்துகொள்ளவே இல்லை.

இதனிடையே மூன்றாவது குரல் ஒன்றும் எழுந்தது. 1988 ஜூலை இறுதியில், பட்டாபிஷேகத்துடன் தொடர் முடிவுற்றது. உடனே பஞ்சாபிலுள்ள ஜலந்தரில், வால்மீகி சமூகத்தைச் சேர்ந்த துப்புரவுத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். வேறு நகரங்களுக்கும் அது பரவிற்று. வீதிகளில் குப்பை குவிந்தது. கூலி உயர்வு கேட்டா? இல்லை. உத்தர காண்டத்தையும் காட்டவேண்டும் என்பதே அவர்கள் கோரிக்கை.

காரணம் இருந்தது. வால்மீகி முனிவரைத் தங்கள் குருவாகப் போற்றுகிறவர்கள் அவர்கள். காட்டில் விடப்பட்ட கர்ப்பிணி சீதைக்கு அடைக்கலம் தந்து, லவனையும் குசனையும் வளர்த்தவர் அம்முனிவர். பட்டாபிஷேகத்தோடு கதையை நிறுத்தினால் அவருடைய பங்கே காணாமற் போய்விடுகிறது. சர்க்கார் இணங்கிற்று. அவ்வாண்டின் இறுதியில் உத்தர காண்டக் கதை ஒளிபரப்பாகத் தொடங்கியது.

2020-இல், ஊரடங்கின்போது, தொடர் மறுபடியும் வந்தது. ஏப்ரல் 16-ந் தேதி மட்டும் 7 கோடியே 70 லட்சம் பேர் பார்த்தார்கள், இது உலக சாதனை என்றது தூர்தர்ஷன். 1983-இல் அமெரிக்காவின் ‘மாஷ்’ தொடரின் இறுதி நிகழ்ச்சியைப் 10 கோடிக்கு மேற்பட்டவர்கள் பார்த்திருக்கிறார்களே என்று மறுத்தவர்களும் உண்டு.

எத்தனை பேர் பார்த்தார்கள் என்பதைக் கணக்கு காட்டும். எதை எதிர்பார்த்துப் பார்த்தார்கள், எது விடுபட்டதென்று மனம் நொந்தார்கள் என்பதைக் காட்டாது. 1988-இல் அதைத் தெரிவிக்க ஒரு வேலைநிறுத்தமே வேண்டியிருந்தது. பொதுப் பணத்தில் நடக்கும் ஸ்தாபனம், குப்பை குவியும் வரை காத்திராமல், நேயர்களைக் கேட்டறிந்துகொள்வது நல்லது.